மஞ்சள் சுடிதார்க்காரி யார்?

...முகத்தை எங்கே பார்த்தாள், முதுகைத்தானே பார்த்தாள், மஞ்சள் சுடிதார், ஒரு பைக், அண்ணாமலை நகரில் ஒரு லாட்ஜ் வாசல், சௌந்தரத்தின் கையிலிருந்த சரக்கு அவ்வளவுதான், அதை வைத்துக்கொண்டு கடலூர் புதுப்பாளையத்தில் தண்ணீர் லாரிக்குக் குடத்தோடு நிற்கிற கூட்டத்தை நாலு நாள் கட்டிப்போட்டாளே, அந்தச் சாமர்த்தியம் வேறு யாருக்கு வரும்... இப்போது கண் டாக்டரைப் பார்க்கச் சிதம்பரம் பஸ் ஏறினால் பக்கத்து சீட்டில் எதிர்வீட்டு ஜெயராணி, மடியில் இரண்டு காலிப் பை, மகள் ப்ரீத்தியின் ஹாஸ்டல் துணிமணிகளை அள்ளி வர. படித்தது போதும் என்று அவள் அப்பா சொல்லிவிட்டாராம். ஆலப்பாக்கம் தாண்டியும் இருவரும் பேசவில்லை, சௌந்தரம் வாயை மூடிக்கொண்டு இத்தனை தூரம் வந்ததாகச் சரித்திரமே இல்லை.

முதல் நாள் "ஒரு பொண்ணு" என்றுதான் ஆரம்பித்தாள், சத்தியமாக அப்படித்தான், ஆனால் வரிசையில் பக்கத்தில் நின்ற மங்கலம் கொட்டாவி விட்டாள், மங்கலத்தின் கொட்டாவியைத் தாங்க முடியுமா? "நம்ம தெருப் பொண்ணுதான்டி" என்று வாயில் வந்துவிட்டது, அந்த நேரம் பார்த்து லாரியும் வந்துவிட்டது. மறுநாள் அரைமணி முன்பே அத்தனை குடமும் ஆஜர். "பேரச் சொல்லித் தொலையேன், எனக்குச் சோறு எறங்கல" என்றாள் மங்கலம். "பேரு மட்டும் கேக்காதீங்க, பொம்பளப் புள்ள விஷயம்." ஆகா, என்ன பெருந்தன்மை, இல்லாத பெயரை மறைப்பதில்! அந்தத் தெருவிலிருந்து அண்ணாமலை நகரில் படிப்பவள் ப்ரீத்தி ஒருத்திதான் என்பது தெரியாதா... தெரியும். தெரிந்தேதானா? இடத்தைக் காலியாக விட்டால் பெயர் தானாக வந்து உட்கார்ந்துகொள்ளும் என்று... ச்சீ.

புதுச்சத்திரத்தில் பஸ் நின்றது. "அக்கா," ஜெயராணி திரும்பினாள், "மாதா பேரால கேக்கறேன், நீங்க பாத்தது எம் பொண்ணா?" இல்லை என்று சொல்ல எவ்வளவு நேரமாகும், ஆனால் முகத்தையே பார்க்கவில்லை என்றால் நாலு நாள் கதை என்னாவது, மங்கலம் சிரிப்பாளே, நாளைக்கு எந்த மூஞ்சியோடு போய் நிற்பது... ஜெயராணியின் கண்கள் இமைக்காமல் அவள் வாயையே பார்த்தன, இப்படி ஒருத்தி இதுவரை அவளைக் கேட்டதே இல்லை, சௌந்தரம் ஒரு கணம் நிறுத்தினாள், லாரி வரிசையில் கதைக்கு நடுவே வழக்கமாக நிறுத்துகிற மாதிரியே. பிறகு, "நான் மூஞ்சியவே பாக்கல ஜெயராணி, யாரோ என்னமோ" என்றாள்.

"பரவால்லக்கா. எனக்காக மறைக்காதீங்க." ஜெயராணி சன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

ஐயோ, நிஜத்தைத்தானே சொன்னாள், ஒன்றையும் ஒளிக்காமல், தன் மானத்தையே வாரிக் கொடுத்து... அந்த ஒரு கணத்தை மட்டும் விழுங்கியிருந்தால்? அப்போது நெஞ்சில் இருந்தது பயம்தான், பயமாகத்தான் இருக்க வேண்டும், ஆனால் பயம் நாக்கில் இப்படியா தித்திக்கும்...