கஞ்சி ஊற்றிய தேசம்

செண்பகவல்லி அம்மன் அறிய, கிழக்கே பார்த்து நின்று, வாயில் வெற்றிலைகூட இல்லாமல் சொல்கிறேன்: இதில் ஒரு சொல் பொய் கிடையாது. பொய்யென்றால் இந்த ஐப்பசிக்கு என் கரிசலில் ஒரு துளி விழ வேண்டாம். அப்படி விழாமல் போனால் அதற்கு நான் காரணமில்லை. எங்கள் பக்கத்து ஐப்பசிக்கு அது பழக்கம்.

கார்கில் சண்டை நடந்த வருசம். நாகலாபுரத்துக்கு மேற்கே எங்கள் ஊர். உச்சிமாகாளி என் கூட்டாளி, என் வயசுக்காரன், ஆடு மேய்க்கிறவன். அவன் பெண்டாட்டியும் என் பெண்டாட்டியும் ஒரே கோடையில் போய்ச் சேர்ந்தார்கள். அவன் மக்கள் திருப்பூரில். எனக்கு மக்கள் இல்லாததால் அவர்கள் எங்கேயும் போகவில்லை. தினம் வெயில் தாழ வேம்படியில் ஆடுபுலி ஆட்டம் போடுவோம். பகல் முழுக்க ஆட்டோடு கிடந்தவன், இங்கேயும் ஆட்டுப் பக்கம்தான் கேட்பான்.

ஒருநாள் காயை நகர்த்தியபடி, தலை நிமிராமல் சொன்னான்:

"ஏலே மாடக்கண்ணு, நான் பிரான்ஸ்காரம்ல."

"வெயிலு அதிகந்தான்" என்றேன்.

"வெளாட்டில்லல. எங்க தாத்தா பொறந்தது காரைக்கால்ல. அப்ப அது பிரெஞ்சுக்காரன் மண்ணு. தாத்தா அந்த நாட்டாளுன்னா பேரனும் அந்த நாட்டாளுதானாம். எட்டயபுரம் பஸ்ஸுல ஒரு வக்கீல் குமாஸ்தா சொன்னாரு."

அவன் தாத்தா பூவனநாதன் கதை எனக்கும் தெரியும். இங்கே காடு காய்ந்ததும் கிடைக்காரர்கள் ஆட்டைப் பத்திக்கொண்டு தஞ்சாவூர்ச் சீமைக்கு நடப்பார்கள். அறுத்த வயலில் ராத்திரி ஆட்டை அடைத்தால் புழுக்கையும் மூத்திரமும் மண்ணுக்கு உரம். அதற்கு வயல்காரர் கஞ்சி ஊற்றுவார். அப்படிப் போன இடத்தில், பூவனநாதனின் ஆத்தாளுக்கு வரப்பு மேலேயே வலி கண்டுவிட்டது. வரப்புக்குத் தெற்கே பிரெஞ்சுக்காரன், வடக்கே இங்கிலீஷ்காரன். பிள்ளை நட்ட நடு வரப்பில் பிறந்தது.

"வரப்புல பொறந்தவன் எந்த நாட்டுக்காரம்ல?" என்று கேட்டேன்.

"அதுக்குத்தான் நீ வேணும். பெத்தவளுக்கு அன்னைக்குக் கஞ்சி ஊத்துனது யாருன்னு தாத்தா சொன்னத நம்ம ரெண்டு பேருந்தான் கேட்டது. நான் சொன்னா செல்லாதாம். சாட்சி வேணுமாம்."

கிடைக்காரர்களுக்கு அதுதான் சட்டம். அன்றைக்கு எவர் கஞ்சியோ, அன்றைக்கு நீ அவர் ஆள். கிடையில் ஆடு ஈன்றால்கூட அந்த வயல்காரர் பெயரைச் சொல்லித்தான் குட்டியைக் கூப்பிடுவார்கள். ஒரு தேசம் இதைவிட்டு வேறெதையாவது கேட்குமென்று எங்கள் இரண்டு பேருக்கும் தோன்றவே இல்லை.

ஆடுகள் வேறு சாட்சிக்கு இருந்தன. அன்றைக்குத் தெற்கு வயலில் அடைந்து கிடந்த ஆடுகளின் வம்சம்தான் உச்சிமாகாளியின் மந்தை. அவை ஞாயிற்றுக்கிழமை மேயாது. கண்ணால் பார்த்தவன் சொல்கிறேன். பச்சைக் கம்பந்தட்டையைக் கொண்டுபோய் மூஞ்சியில் இடித்தாலும் அன்றைக்கு லீவு லீவுதான்.

புதுச்சேரிக்கு பஸ் ஏறினோம். உச்சிமாகாளி சட்டையை இஸ்திரி போட்டிருந்தான். அவன் கல்யாணத்துக்கே அது நடக்கவில்லை. சாத்தூர் தாண்டியதும் கேட்டேன்:

"அங்கன போயி என்னல செய்யப் போற? பனியில ஆடு மேய்க்கவா?"

"அங்கன ஒத்தையில கெடக்க கெழவனுவளுக்குக் கவர்மெண்டே ஆள் அனுப்புதாம்ல. வாரத்துக்கு ஒருக்கா வந்து, கதவத் தட்டி, உக்காந்து பேசிட்டுப் போவாவளாம்."

"ஏன், நான் பேசுததுக்கு என்ன?"

"நீ பேசுதது பூராப் பொய்யாச்சேல. அத வச்சு ஒரு மனுசன் எத்தன நாளைக்கு ஓட்ட?"

மதுரை வந்தது, திருச்சி வந்தது. விழுப்புரத்தில் டீ வாங்கிக் கொடுத்தான், குடித்தேன். 'வடக்கு' என்று ஒரு சொல் சொன்னால் போதும். திரும்பி வரும் பஸ்ஸில் இதே சீட்டில் இவன் என் பக்கத்தில் இருப்பான். சாகிற மட்டும் இருப்பான்.

பிரெஞ்சுக்காரன் அலுவலகத்தில் ஒரு அம்மா. வெள்ளைக்காரி, ஆனால் புத்தகம் மாதிரித் தமிழ் பேசினார். ஞாயிற்றுக்கிழமை விசயத்தைச் சொன்னதும் உள்ளே போய்ப் பெரிய அதிகாரியைக் கூட்டிவந்தார். அவர் ஆடுகளின் நலம் விசாரித்தார். பிறகு அந்த அம்மா என் பக்கம் திரும்பினார்.

"பெரியவரே, யோசித்துச் சொல்லுங்கள். அன்று கஞ்சி ஊற்றியது வரப்புக்கு எந்தப் பக்கத்து வயல்காரர்?"

வடக்கு என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். உச்சிமாகாளி என்னைப் பார்க்கவில்லை. செருப்பை வாசலில் விட்டுவிட்டு வந்தவன், அந்தக் குளுகுளு தரையில் கால்விரலை மடக்கிக்கொண்டு, தாலி கட்டப்போகிறவன் மாதிரி உட்கார்ந்திருந்தான். அந்த இஸ்திரி மடிப்பு கசங்காதபடி கையைத் தூக்கியே வைத்திருந்தான்.

"தெக்கு" என்றேன். "ஆறுமுகசாமின்னு பேரு."

"என்ன கஞ்சி?"

"நெல்லுச்சோத்துக் கஞ்சி."

"உப்புப் போட்டதா?"

"போட்டதுதான். தொட்டுக்கிடச் சுண்டவத்தல்."

"எங்கள் சட்டமும் இதேதான்" என்று சொல்லி முத்திரையைக் குத்திவிட்டார்.

அவன் புறப்பட்ட அன்றைக்கு ஊரே திரண்டது. வள்ளித்தாய் ஆரத்தி எடுத்தாள். அமுதவள்ளி மகள் கனகாம்பரப் பூ கட்டிக் கொடுத்தாள். மேளக்காரர்கள் பஸ் நிறுத்தம் வரைக்கும் அடித்துக்கொண்டே வந்தார்கள். "போயிட்டு வாங்க அண்ணாச்சி" என்று அத்தனை பேரும் கத்தினார்கள். பஸ் போன புழுதி அடங்க ரொம்ப நேரமாயிற்று. அப்புறம் அவரவர் வீட்டுக்குப் போனார்கள். நான் கொஞ்சம் நின்றுவிட்டுப் போனேன்.

ஆடுபுலிக்கு ஆளில்லை. இரண்டு பக்கமும் நானே ஆடிப் பார்த்தேன். எதிராளி அடுத்து எதை நகர்த்தப்போகிறான் என்று முன்னாலேயே தெரிந்துவிடுகிறது, சுவாரஸ்யமில்லை. சாயங்காலம் யாரிடமாவது ஏதாவது சொல்ல வேண்டுமென்று நாக்கு ஊறும். வேப்பமரத்திடம் சொன்னால் அது எதையும் மறுத்துப் பேசாது. மறுத்துப் பேச ஆளில்லாமல் கதை எப்படி வளரும்?

பொங்கல் கழித்து, பக்கத்து வீட்டு ஆவுடைத்தாயின் போனுக்கு உச்சிமாகாளி கூப்பிட்டான்.

"ஆள் வருதாவளால?" என்று கேட்டேன்.

"வாரா. புதங்கெழம தோறும். சின்னப்புள்ள. நான் பேசுதது ஒண்ணும் வெளங்காது. தலைய மட்டும் ஆட்டுதா."

"என்னல பேசுவ அவகிட்ட?"



"எனக்கு என்னல தெரியும்? நீ சொன்னதத்தான் சொல்லுதேன்."

சொன்னது அத்தனையும் சத்தியம். இதையும் சொல்லிவிடுகிறேன்: கார்கில் சண்டைக்குப் பத்து வருசம் முந்தியே எங்கள் ஊரில் கடைசிக் குடும்பமும் வீட்டைப் பூட்டிக்கொண்டு கோவில்பட்டிக்குப் போய்விட்டது, அன்றிலிருந்து இன்றுவரை இந்த ஊரில் குடியிருப்பது நான் ஒருத்தன் மட்டும்தான்.