கைப்பிடி வைத்த கோப்பி மெஷின்

"வீட்டுல யாரு கோப்பி போடுறது?" என்று கடைப்பெண் கேட்டாள். கேட்டது என்னவோ தோட்டத்துத் துரையின் மனைவி துரைசாணியைத்தான். ஆனால் துரைசாணி கழுத்தைத் திருப்பிப் பின்னால் நின்ற விஜயகலாவைப் பார்த்தார். விஜயகலா அரை அடி முன்னால் வந்தாள். "நான்தாங்க" என்றாள்.

கொழும்பில், குளிரூட்டிய பெரிய கடை. கண்ணாடி மேசைமேல் மூன்று மெஷின்கள் நின்றன. கடைப்பெண் கைருன்னிஸா நல்ல பிள்ளை. எதையாவது தலையில் கட்டி அனுப்புகிற ரகமில்லை. எத்தனை பேர் குடிப்பீர்கள், காலையில் அவசரமா ஆறுதலா, பால் நுரைத்து ஊற்றுவதுண்டா என்றெல்லாம் விசாரித்த பிறகே மெஷின் பக்கம் திரும்பினாள். முதலாவதில் காகிதத்தில் பொட்டலம் கட்டிய தூளை வைத்துப் பொத்தானை அமுக்கினால் போதும். இரண்டாவது கொட்டையைத் தானே அரைத்துத் தானே வடித்துத் தரும். கெட்டுப்போனால் கொழும்புக்குத் தூக்கிவர வேண்டும். மூன்றாவதற்கு நீளமாக ஒரு கைப்பிடி. தூளை அளப்பது, அழுத்துவது, பிடியை மாட்டுவது, தண்ணீரை எப்போது நிறுத்துவது, எல்லாமே போடுகிறவர் பாடு.

"மூணாவது அருமையான கோப்பி தரும் மேடம். ஆனா பழகுன கைக்குத்தான் தரும். புதுசுன்னா முதலாவத எடுங்க, தலையிடி இல்ல."

துரைசாணிக்குத் தலையிடி வேண்டாம். இந்தக் கோப்பிப் பைத்தியமே துரையுடையது. கேகாலைப் பக்கத்தில் கம்பனி ரப்பர் தோட்டம் ஒன்றை நடத்துகிறவர் அவர். அங்கே ஸ்டோர் என்கிற தொழிற்சாலையில் அடிக்கிற கிரேப் ரப்பர்த் தகடு, இத்தாலியில் சப்பாத்துக்கு அடியாகப் போய் ஒட்டிக்கொள்கிறது. நாட்டில் சண்டை ஓய்ந்து, வெளிநாட்டார் துணிந்து வந்து இறங்கிக்கொண்டிருந்த காலம். ரப்பர் வாங்குகிற இத்தாலிக்காரர் தோட்டத்தைப் பார்க்க வருகிறார், பங்களாவில் தங்குகிறார் என்றதும் துரைக்கு இருப்புக் கொள்ளவில்லை. அந்த மனுசனுக்கு அவருடைய ஊர்க் கோப்பியைக் கொடுத்தே தீருவேன் என்று ஒற்றைக்காலில் நின்றார். பங்களாவில் சமைக்கிற செல்லையா அப்புவுக்கோ புட்டிங் தெரியும், ஆட்டிறைச்சி தெரியும், இந்தக் கோப்பி மட்டும் தெரியாது. அந்த நேரம் பார்த்து, பெய்ரூட்டில் வீட்டுவேலை செய்துவிட்டுத் திரும்பி, பங்களாவில் வேலை கேட்டு வந்து நின்ற விஜயகலா, "எனக்கு அந்த மெஷின் தெரியுங்க" என்று வாயை விட்டாள்.

தெரியும் என்பது முழுப் பொய்யில்லை. பெய்ரூட் வீட்டில் அப்படியொன்று இருந்தது. அதைக் கழற்றி, கழுவி, துடைத்து, மாட்டி வைத்ததெல்லாம் அவள்தான். ஆனால் அதில் ஒரு கோப்பைகூட அவள் போட்டதில்லை. போடுவதற்கு அந்த வீட்டு மிஸ்டர் ஒருவரையும் விடமாட்டார்.

பிறகு ஏன் வாயை விட்டாள்? அவளுடைய நிலைமை அப்படி. புருஷன் கிருஷ்ணராஜ் ரப்பர் மரத்தில் பால்வெட்டப் போன இடத்தில் சரிவில் விழுந்து, இடுப்பு போய், தோட்டத்து வரிசை வீடான லயத்தில், ஒற்றைக் காம்பராவுக்குள் சுருண்டு கிடந்தான். தோட்டத்தில் புதிதாக ஆள் எடுப்பதை நிறுத்தியிருந்தார்கள். மாவனல்லை ஏஜென்சிக்காரர் சாலி லயத்து வாசலுக்கே வந்து, "தங்கச்சி, குவைத் விசா ரெடி. ஓமெண்டு சொன்னாச் சரி" என்று நெருக்கிக்கொண்டிருந்தார். பங்களாவில் நிரந்தர வேலை கிடைத்தால் குவைத் இல்லை. கிடைக்காவிட்டால் குவைத். நடுவில் வேறு வழியே இல்லை.

குவைத் என்றாலே அவளுக்குப் பயம். வேலைக்குப் பயந்தில்லை. பெய்ரூட்டுக்குப் போகும்போது மகள் சுதர்ஷினி தவழ்ந்துகொண்டிருந்தாள். திரும்பி வந்து வாசலில் பையை வைத்தபோது, பிள்ளை நாத்தனார் மூக்காயியின் சேலைக்குப் பின்னால் ஒளிந்துகொண்டு, "அம்மா, இது யாரு?" என்று மூக்காயியிடம் கேட்டாள். ஐயோ, அந்தக் கேள்வி! பெற்ற வயிறு பற்றி எரியாதா? மூக்காயிதான் பதறிப்போய், "நான் அத்தடி, இதுதான் ஒங்கம்மா" என்றாள். பிள்ளை நம்பவில்லை. இப்போதுதான் கொஞ்சம் கொஞ்சமாகத் தலைசீவ விடுகிறாள். இன்னும் அம்மா என்று கூப்பிடவில்லை. இன்னொரு தரம் விட்டுவிட்டுப் போனால் அப்புறம் அந்தப் பிள்ளை தனக்கு இல்லை என்பது விஜயகலாவுக்கு நன்றாகத் தெரியும்.

"இத்தாலிக்காரர் வந்துபோகட்டும். துரைக்குத் திருப்தி என்றால் உன்னை நிரந்தரமாக வைத்துக்கொள்கிறேன்" என்று துரைசாணி சிங்களத்தில் சொல்லியிருந்தார். அந்தச் சொல்லைப் பிடித்துக்கொண்டுதான் அவள் கொழும்புவரை வந்திருந்தாள்.

துரைசாணியின் விரல் முதலாவது மெஷின் பக்கம் போனது. விஜயகலாவின் மனம் கணக்குப் போட்டது. பொத்தானை அமுக்குகிற மெஷின் என்றால் செல்லையா அப்புவே அமுக்குவார். தோட்டக்காரன் அமுக்குவான். பங்களாப் பூனைகூட அமுக்கும். அப்புறம் விஜயகலா எதற்கு?

"தொரசாணி, வெள்ளக்காரங்க வீட்டுல இந்தப் பிடி வச்சதுதாங்க இருக்கும்" என்றாள். சொன்னதோடு விடவில்லை. மூன்றாவதின் பிடியைத் திருகிக் கழற்றி, உள்ளே இருந்த ரப்பர் வளையத்தைக் காட்டி, ஆவிக்குழாயின் துளையை ஊசியால் எப்படிக் குத்திவிடவேண்டும் என்றும் விளக்கினாள். கழுவுகிறவளுக்குத் தெரிந்ததெல்லாம் அவ்வளவுதான். ஆனால் கேட்கிறவர்களுக்கு அது போதுமாக இருந்தது.

"அக்கா கை நல்லாப் பழகியிருக்கே" என்றாள் கைருன்னிஸா. அந்த மெஷினே வேனில் ஏறியது.

ஏறி வந்த மெஷின் அவள் மானத்தை வாங்கிவிட்டது. கேகாலைக் கடையில் வாங்கிய கோப்பித்தூள் முகப்பவுடர் மாதிரி நைசு. அதை நிரப்பி அழுத்தினால் மெஷின் உறுமியதே ஒழிய ஒரு சொட்டு இறங்கவில்லை. கடைசியில் கரியெண்ணெய் மாதிரி ஏதோ வடிந்தது. சரி என்று லேசாக அழுத்தினால் பாத்திரம் கழுவிய தண்ணீர் போலக் கொட்டியது. துரைசாணி மத்தியானம் தூங்குகிற நேரத்தில்தான் இந்தக் கூத்தெல்லாம். கெட்டுப்போன கோப்பிகளை ஊற்றினால் தெரிந்துவிடும் என்று எல்லாவற்றையும் தானே குடித்தாள். நெஞ்சு படபடவென்று அடித்தது, விரல்கள் உதறின. சோறு இறங்கவில்லை.

செல்லையா அப்பு எட்டிப் பார்த்தார். "ஏம்புள்ள, பழகுன மெஷின்னு சொன்னியே?"

"கரண்ட் சரியில்லீங்க மாமா."

"கரண்டா? சரி சரி." அவர் சிரிக்கவில்லை. அதுதான் அவளுக்கு இன்னும் பயமாக இருந்தது.

ஸ்டோரில் இருக்கிற ரோதைச் சக்கரங்களுக்கும் மெஷின்களுக்கும் ரோதமுனி என்ற சாமிதான் காவல். வருசா வருசம் சேவல் அறுத்துப் பூசை போடுவார்கள். விஜயகலா அந்த முனியின் திருநீற்றில் ஒரு சிட்டிகை எடுத்துவந்து மெஷினுக்கு அடியில் வைத்தாள். "சாமி, நீ எவ்வளவு பெரிய ரோதையெல்லாம் ஓட்டுற. இந்தச் சனியன் எம்மாத்திரம்? எம்புள்ளைக்காக ஓட்டு சாமி" என்று வாய்விட்டு அழுதாள். மறுநாள் ஒரு கோப்பை மட்டும் மேலே பழுப்பு நுரையோடு இறங்கியது. சந்தோசத்தில் சத்தம்போட்டுவிட்டாள். அடுத்தது பழையபடி தண்ணீர். அது ஏன் வந்தது, இது ஏன் வரவில்லை என்று அவளுக்கே தெரியாது.

இத்தாலிக்காரர் வந்தார். நரைத்த தாடி, ஓயாத சிரிப்பு. மத்தியானச் சாப்பாடு முடிந்ததும் துரை விஜயகலாவைப் பார்த்துத் தலையை ஆட்டினார். போட்டுக் கொண்டுபோய் வைத்தாள். அவர் ஒரு வாய் குடித்தார், கோப்பையைக் கீழே வைத்தார். துரையின் முகம் சுருங்கியது. விஜயகலா தரையைப் பார்த்தாள். முடிந்தது, எல்லாம் முடிந்தது என்று நினைத்துக்கொண்டாள்.

ஆனால் அந்த மனுசர் எழுந்து நேரே சமையலறைக்குள் வந்தார். மெஷினைக் கண்டதும் சொந்தக்காரனைக் கண்டதுபோலக் கைதட்டினார். தன் பையிலிருந்து அவர் ஊர்த் தூளை எடுத்து வந்து, சட்டைக்கையை மடித்துவிட்டுக்கொண்டு, துரையைப் பக்கத்தில் கூப்பிட்டு, இப்படி அழுத்து, இப்படிப் பூட்டு என்று காட்டினார். துரை போட்ட முதல் கோப்பையே நுரையோடு வந்தது. பம்பரத்துக்கு அடித்துக்கொள்கிற பிள்ளைகள் மாதிரி இரண்டு பெரிய மனுசர்களும் மாறிமாறிப் போட்டார்கள். இந்த மெஷினைத் தெரிந்தெடுத்தது யார் என்று அவர் கேட்க, துரைசாணி விஜயகலாவைக் காட்ட, அவர் அவள் கையைப் பிடித்துக் குலுக்கினார். நல்ல தெரிவாம். தெரிந்தவர்கள் இதைத்தான் எடுப்பார்களாம். அன்றைக்கு அவள் லயத்துக்கு ஓடியேதான் போனாள். போகிற வழியிலேயே, கண்டவர்களிடமெல்லாம் இனி வெளிநாடு இல்லை, வேலை நிச்சயம் என்று சொல்லிக்கொண்டு போனாள். புருஷனிடம் சொன்னாள், மூக்காயியிடம் சொன்னாள், பிள்ளையைத் தூக்கிச் சுற்றிச் சுற்றிச் சொன்னாள்.

மறுநாள் காலையில் போனால், துரை இடுப்பில் சாரம் கட்டியபடியே மெஷின் முன்னால் நிற்கிறார். "நீ தொடாதே, என் கைக்குப் பழகியது கெட்டுப்போகும். குடித்த பிறகு கழுவி வை, போதும்" என்றார். விஜயகலா கையைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டாள். அப்போதுதான் பெய்ரூட் மிஸ்டர் அவள் கண்முன் வந்தார். அட பாவி! பொத்தான் மெஷினை வேலைக்காரியிடம் விட்டுவிடுவார்கள். பிடி வைத்த மெஷினை எந்த ஆம்பிளை விடுவான்? இதை அவள் கண்ணால் பார்த்திருக்கிறாள். நாலு வருசம் பக்கத்தில் துணியோடு நின்று பார்த்திருக்கிறாள். பார்த்தும் புத்தி வரவில்லையே.

இத்தாலிக்காரர் புறப்பட்டுப் போனதும் துரைசாணி கூப்பிட்டனுப்பினார்.

"துரைக்கு இப்போது அதுதான் விளையாட்டு. யாரையும் கிட்ட விடுவதில்லை. கழுவி வைக்க அப்பு இருக்கிறார். இன்னொரு ஆளுக்குச் சம்பளம் கம்பனியில் கேட்க முடியாது, விஜயகலா. நல்ல சர்டிபிகேட் ஒன்று துரையிடம் வாங்கித் தருகிறேன். வெளிநாட்டுக்குப் போக உதவும்."

"நான் வெளிநாட்டுக்குப் போகல தொரசாணி! புல்லு வெட்டுறேங்க. கக்கூஸ் கழுவுறேங்க. நாய்களப் பாத்துக்கிறேங்க. எம்புள்ள இப்பதாங்க எங்கிட்ட வருது. கொஞ்ச நாள் வச்சிருந்து பாருங்க, கால்ல விழுறேன்!" விழுந்தே விட்டாள்.

"அனே, எழும்பு, எழும்பு" என்றார் துரைசாணி. அவருடைய கண்ணும் கலங்கித்தான் இருந்தது. ஆனாலும் உள்ளே போய்விட்டார்.

விஜயகலா ரப்பர் மரங்களுக்கிடையே இறங்கினாள். கால் தன்பாட்டில் நடந்தது. புருஷனிடம் எப்படிச் சொல்வது, சாலிக்கு எப்போது சொல்வது, சொல்லாமல் செத்துப்போனால் என்ன என்று என்னென்னவோ ஓடியது. ஊற்றுத் தண்ணீர் கொட்டும் பீலிக்கரை வந்ததும் பிள்ளைகளின் பேச்சுச் சத்தம் கேட்டது. சுதர்ஷினிதான். இந்தப் பக்கம் முதுகைக் காட்டிக்கொண்டு, பக்கத்துக் காம்பராப் பிள்ளையோடு தண்ணீர் பிடித்துக்கொண்டிருந்தாள்.

"ஒங்கம்மா திரும்பிப் போயிருவாங்கன்னு எங்காயி சொன்னிச்சு" என்றது அந்தப் பிள்ளை.

"போகமாட்டாங்க!" சுதர்ஷினி சண்டைக்கு நிற்பதுபோல இடுப்பில் கை வைத்தாள். "எங்கம்மாவுக்கு பங்களாவுல வேல. எங்கம்மா இல்லாட்டி அங்க ஒருத்தருக்கும் கோப்பி போடத் தெரியாது. இனி எங்கம்மா எங்கயும் போகமாட்டாங்க, தெரியுமா?"

எங்கம்மா. மூன்று தரம் சொன்னாள். விஜயகலா மரத்தைப் பிடித்துக்கொண்டு அங்கேயே நின்றாள். பிள்ளை இன்னும் திரும்பிப் பார்க்கவில்லை. வாளி நிறைந்து, தண்ணீர் வழிந்து, காலடியில் ஓடிக்கொண்டிருந்தது. சுதர்ஷினி பேச்சை விடாமல் தொடர்ந்துகொண்டிருந்தாள்.