இறந்துபோன டேலு விருந்துக்கு வந்தாள்

டேலுவுக்கு நான்கு வயதில் தட்டம்மை வந்தது. அது இறங்கிய கையோடு ஈறு வீங்கியது, வாய் நாறியது, ஒரு வாரத்துக்குள் இடது கன்னம் கருத்து உதிர்ந்தது. நோமா என்னும் இந்த வாய் அழுகல் நோய் வந்த பிள்ளைகள் பெரும்பாலும் பிழைப்பதில்லை. டேலு பிழைத்துக்கொண்டாள். அவள் அப்பா இல்லியாசுவுக்கு அது பெரிய சங்கடமாகப் போயிற்று.

இல்லியாசு எங்கள் ஊர் மாட்டுத் தரகர். கிழட்டு மாட்டைக் காளைக்கன்று என்று விற்கத் தெரிந்த மனிதருக்கு, கன்னத்தில் ஓட்டையோடு இருக்கும் மகளை நாலு பேருக்கு எப்படிக் காட்டுவது என்று தெரியவில்லை. ஜின் அடித்துவிட்டது என்று சொல்லி அவளைக் கொல்லைப்புற அறையில் வைத்தார். தாய் இல்லாத பெண். இறுகிப்போன தாடையோடு, பல்லிடுக்கில் கம்பங்கூழை உறிஞ்சியே வளர்ந்தாள்.

மூத்தவள் ஸுவைராவுக்கு மராடியிலிருந்து நல்ல இடம் பேசிவந்த வருஷம், டேலுவின் சித்தி தஸல்லா வந்தாள். எல்லைக்கு அந்தப்புறம் சொக்கோட்டோ ஆஸ்பத்திரியில் இப்படிப்பட்ட முகத்தை ஆபரேஷன் செய்து சரிசெய்கிறார்கள் என்று ரேடியோவில் கேட்டாளாம். டேலுவை அழைத்துக்கொண்டு போனாள். இல்லியாசு தடுக்கவில்லை. அடுத்த வெள்ளிக்கிழமையே, மகள் வழியில் இறந்துவிட்டாள் என்று அறிவித்துத் துக்கத்துக்கு உட்கார்ந்துவிட்டார். பொய் என்று ஊருக்கே தெரியும். ஆனால் ஆடு அறுத்திருந்தார். ஆகவே துக்கம் கேட்கப் போகாதவர் யாருமில்லை. இமாமின் கண்கூடக் கலங்கியது. அடுப்புப் புகை என்று சொன்னவர்களும் உண்டு.

ஸுவைராவின் கல்யாணம் தடையில்லாமல் நடந்தது. தலைப்பிரசவத்துக்குப் பிறந்தவீடு வந்தாள். குழந்தைக்குப் பெயர் வைக்கும் விருந்தன்று, சம்பந்திகள் பாயில் உட்கார்ந்திருக்கும்போது, டேலு முக்காட்டை விலக்கிக்கொண்டு உள்ளே வந்தாள். பின்னாலேயே தஸல்லா. கன்னத்தில் தோளிலிருந்து எடுத்த தோல், நிறம் மாறித் தெரிந்தது. வாய் கொஞ்சம் கோணல். ஆனால் திறந்தது.

"அஸ்ஸலாமு அலைக்கும், அப்பா."

மாப்பிள்ளையின் அம்மா ஹஜ்ஜியா பில்கி திரும்பினார். "யாருங்க இந்தப் பொண்ணு?"

"அது... தூரத்துச் சொந்தம்" என்றார் இல்லியாசு.

"ரொம்ப தூரம்தாங்கம்மா" என்றபடி டேலு பாயில் உட்கார்ந்தாள். "கபர்ஸ்தான்லேர்ந்து வர்றேன். நடுவுல டாக்ஸி வேற மாறணும்."

பெண்கள் முக்காட்டுக்குள் சிரித்தார்கள்.

"எனக்காக ஆடெல்லாம் அறுத்தீங்களாமேப்பா. உயிரோட இருந்தப்ப ஒரு முட்டையக் கண்ணுல காட்டல. செத்த பிறகு கவனிப்பு பலமாத்தான் இருந்திருக்கு."

ஹஜ்ஜியாவுக்கு விஷயம் புரிந்துவிட்டது. பேரனை நெஞ்சோடு அணைத்துக்கொண்டார். "இது ஒட்டிக்குமாம்மா?"

"ஒட்டாதுங்க. சோறில்லாத பிள்ளைக்கு அம்மை வந்து, ஈறு அழுகும்போது மருந்து குடுக்காம ஜின்னத் திட்டிக்கிட்டு உட்கார்ந்திருந்தா வரும். எங்கப்பாவக் கேளுங்க, விவரமாச் சொல்லுவாரு."

இல்லியாசு மாட்டைப் பார்க்க வேண்டும் என்று எழுந்து போனார். அவருடைய தொழுவம் அன்று காலி.

"உங்கப்பன் கிடக்கான். நீ சாப்பிடு" என்று ஹஜ்ஜியா இறைச்சித் தட்டை நகர்த்தினார். டேலு ஒரு துண்டை எடுத்து, சபை பார்க்க, மெதுவாக மென்றாள். நேரமானது. யாரும் அவசரப்படுத்தவில்லை. ஸுவைரா அழுதுகொண்டே எழுந்து வந்து குழந்தையைத் தங்கையின் மடியில் வைத்தாள்.

இப்போது டேலு சித்தியோடு இருக்கிறாள். சந்தை முனையில் காராமணி வடை சுடுகிறாள். வடை வாங்க வரும் தாய்மாரிடம் பிள்ளையின் வாயைக் காட்டச் சொல்வாள். ஈறு சிவந்திருந்தால் திட்டித் தீர்த்து, அன்றைக்கே மருத்துவ நிலையத்துக்கு விரட்டுவாள்.

கொஞ்ச நாள் கழித்து இல்லியாசு சமாதானம் பேச அங்கே போனார்.

"எல்லாம் குடும்ப நல்லதுக்குத்தான் செஞ்சேன்மா."

"வாயத் திறங்கப்பா, பாக்கலாம்."

திறந்தார். டேலு குனிந்து பார்த்தாள்.

"ஈறு நல்லாத்தான் இருக்கு. நாக்குதான் அழுகிப்போச்சு. அதுக்கு சொக்கோட்டோவுல வைத்தியம் இல்ல."

கோபித்துக்கொண்டுதான் கிளம்பினார் இல்லியாசு. ஆனால் வடையைத் தின்று முடித்துவிட்டுத்தான் கிளம்பினார்.