நான் வரைஞ்ச சுவரு

அக்கா, தூங்கிட்டியா? லைட் போடாத. சித்தி இப்பதான் கண்ண மூடியிருக்காங்க. மூணு நாளா யார்கிட்டயும் சொல்லாம வச்சிருக்கேன்.

சித்தப்பா எங்க இருக்காருன்னு எனக்குத் தெரியும்னு நெனைக்கிறேன்.

இரு, அழாத. உயிரோட இருக்காருன்னு சொல்லல. கடல்ல முங்கப் போய் மூணு நாளாச்சு, முதுகுல மாட்டிட்டுப் போன சிலிண்டர்ல ஒரு மணி நேரத்துக்குத்தான் காத்து. அது எனக்கும் தெரியும்.

கடலுக்கு அடியில முழுகிக் கெடக்கற அந்த ஊர அவரு கையாலதான பாத்தாரு? தண்ணி அவ்ளோ கலங்கல். தடவித் தடவி, ஒரு பிளாஸ்டிக் பலகைல பென்சிலால கோடு போட்டுட்டு வருவாரு. சாயங்காலம் அத நான் பெரிய தாள்ல ஏத்தி தொல்லியல் ஆபீசுக்குக் குடுப்பேன். பலகைய அழிச்சு வச்சிடுவேன், மறுநாளைக்கு வேணுமே. அவருக்கு ஒரே ஒரு சட்டம்தான். "கை பட்டது மட்டும்தான் கோடு. படாதது காலி. ஆயிரம் வருஷத்துக்கு முன்னாடி வீட்டப் போட்டுட்டுப் போனவங்க, நம்மள கேட்டா கட்டினாங்க?"

போன வாரம் அந்த நீளத் தெருவ வரைஞ்சேன். எடது பக்கச் சுவரு நடுவுல விட்டுப்போயிருந்துச்சு. "ரெண்டு முழம் காலி"ன்னு எழுதியிருந்தாரு. தாள்ல ஏத்துனா பல்லு விழுந்த வாய் மாதிரி அசிங்கமா இருந்துச்சு. ஸ்கேல வச்சு இழுத்துட்டேன். ஒரு நொடிதான்க்கா. ஆபீசர் பாத்துட்டு, "அடேங்கப்பா, ஊரே எழுந்து நிக்குதே!"ன்னாரு. எனக்குத் தலைகால் புரியல.

சித்தப்பா கண்டுபிடிச்சிட்டாரு. கடைசியா முங்கப் போன அன்னைக்குக் காலைல வாசல்ல செருப்ப மாட்டிக்கிட்டே, "ஏய் கொத்தனாரம்மா, ஒரே ராத்திரில சுவரு எழுப்பிட்டியே, சிமெண்ட் யாரு குடுத்தா?"ன்னு சிரிச்சாரு. "ஆபீசர்கிட்ட சொல்லிடவா சித்தப்பா?"ன்னேன்.

"பொறு. ஒருவேள என் கைதான் ஏமாந்துச்சோ என்னமோ. இன்னொரு தரம் தடவிப் பாத்துட்டு வந்துடறேன். வழி இருந்துச்சுன்னா, உள்ள எட்டியும் பாத்துடறேன். அப்புறம் நாமளே மாத்திக்கலாம், உன் பேரு வெளிய வராது."

எனக்காகப் போனாருக்கா.

இப்ப தேடறவங்க எல்லாரும் என் தாள வச்சுத்தான் தேடறாங்க. தெரு நடுவுல கயித்தப் பிடிச்சுக்கிட்டு போயிட்டுப் போயிட்டு வர்றாங்க. சுவருக்கு அந்தப் பக்கம் போக வழியே இல்லன்னு விட்டுட்டாங்க. நாளைக்கு மத்தியானத்தோட தேடறத நிறுத்தறாங்களாம்.

நேத்து சித்தி எனக்குத் தல வாரிவிட்டுக்கிட்டே, "ஒரு தடவ முகத்தப் பாத்துட்டா போதும்டி"ன்னாங்க. சொல்லிடலாம்னு வாயத் தொறந்தேன். "என்னடி, சிக்கு எடுக்கறது வலிக்குதா?"ன்னு கேட்டாங்க. ஆமான்னுட்டேன்.

திட்டுக்கா. அடிக்கவாவது செய்.

ஆபீசருக்கு ஃபோனா? இப்பவா? மணி மூணுக்கா...

சரி. இல்ல, நீ பேசாத. எங்கிட்ட குடு.

ஹலோ, சார்? நான் சார், படம் வரையற பொண்ணு. சார், அந்த நீளத் தெருவுல, எடது பக்கம் நடுவுல சுவரே இல்ல சார். ரெண்டு முழத்துக்கு வழி இருக்கு. அத அடைச்சு வரைஞ்சது நான்தான்... இல்ல சார், அவரு சரியாத்தான் எழுதியிருந்தாரு... பலகைய அழிச்சிட்டேன் சார்... ஆமா சார். எனக்கு மட்டும்தான் தெரியும்... சரி சார்.

அக்கா, அவரு ஒரு வார்த்த திட்டல. நாலு மணிக்கே படக எடுக்கறாங்களாம். சித்திய எழுப்பிக் கரைக்குக் கூட்டிட்டு வரச் சொல்றாரு.

நீ இரு. நானே எழுப்பறேன்.