பதினாலாம் நம்பர் கதவு

கோர்ட் அமீனா ராஜாங்கம் காலி செய்யும் உத்தரவோடு வந்தபோது, லூர்துசெல்வி தன் வீட்டுக் கதவைக் கத்தியால் சுரண்டிக்கொண்டிருந்தாள்.

முதலியார்பேட்டையின் அந்தச் சந்தில் பதினாறு வாடகை வீடுகள். வழக்கில் ஓனர் ஜெயித்துவிட்டார். ஆனால் கணக்கெடுப்பில் உள்ளவர்களுக்கு அரசு மாற்று வீடு தரவேண்டும் என்றும் தீர்ப்பில் இருந்தது. அக்டோபரில் கணக்கெடுப்பு ஆட்கள் வந்து கதவு கதவாகச் சிவப்புப் பெயிண்டால் நம்பர் போட்டார்கள்.

டிசம்பரில் லூர்துசெல்வி கதவுக்குப் பெயிண்ட் அடித்தாள். எந்தக் கிறிஸ்துமஸுக்கும் அவள் அடிக்காமல் இருந்ததில்லை.

"காலி பண்ணப்போற வூட்டுக்கு எதுக்குடி இதெல்லாம்?" என்றாள் பக்கத்து வீட்டுத் தையல்நாயகி.

"பாலன் பொறக்கறப்ப செவப்புக் கிறுக்கலோடவா நிக்கிறது?"

கணவன் அருளானந்தம் தான் வேலை பார்க்கும் மேட்டுப்பாளையம் கம்பெனியிலிருந்து கொண்டுவந்த நீலப் பெயிண்ட் நம்பரை விழுங்கிவிட்டது. ஜனவரியில் சரிபார்க்க வந்தவன் வண்டியைவிட்டு இறங்கக்கூட இல்லை. நம்பர் இல்லாத கதவைப் பார்த்தான், பட்டியலில் அவள் பெயரை அடித்தான், போய்விட்டான். ரேஷன் கார்டை நீட்டிக்கொண்டு வண்டிக்குப் பின்னாலேயே ஓடினாள். அதன்பிறகு மனு எழுதிக்கொண்டு ஆபீசுக்கு நடையாய் நடந்தாள். மனுஷியைவிடப் பெயிண்டுக்குத்தான் அங்கே மரியாதை.

இப்போது நீலம் உரிந்து சிவப்பில் பதினாலு தெரிந்தது.

"சார், இதோ பாருங்க நம்பரு!"

ராஜாங்கம் வெற்றிலைச் சாற்றை அவளுடைய ரோஜாத் தொட்டியில் துப்பினார். "எங்கிட்ட காட்டி என்னா ஆவப்போது? நான் காலி பண்ற ஆளு. வூடு குடுக்குற ஆபீசருகிட்ட காட்டு. வேணும்னா கதவக் கழட்டிக்கினு போ."

பெரிய மனசுதான். சாமான்களைத் தெருவில் போட்டுவிட்டு, புருஷனும் பெண்டாட்டியும் கதவைச் சுமை ஆட்டோவில் ஏற்றிக்கொண்டு போனார்கள். ஆபீஸ் வாசலில் இறங்கும்போதே தையல்நாயகி போனில் அழுதாள். ஓனர் தயாராக நிறுத்தியிருந்த புல்டோசர் வேலையை முடித்துவிட்டிருந்தது.

ஆபீசர் பதினாலை நகத்தால் கீறிப் பார்த்தார். "எங்க பெயிண்டுதான். நம்பரும் சரிதான்."

லூர்துசெல்விக்கு அப்போதுதான் மூச்சு வந்தது.

"சரி, வீடு எங்க?" என்றார் ஆபீசர்.

"இப்பதான் சார் இடிச்சாங்க."

"நம்பர் வீட்டுல இருக்கணும்மா. இது வெறும் கதவு. வீடே இல்லாம எதச் சரிபாக்கறது?"

சொல்லிக்கொண்டே, நகத்தில் ஒட்டிய பெயிண்டை அவளுடைய மனுவின் ஓரத்திலேயே துடைத்தார். இந்த நகத்துக்கு முன்னாலா இத்தனை நாள் கைகூப்பி நின்றோம் என்று லூர்துசெல்விக்குத் தன்மீதே அருவருப்பாக இருந்தது.

அருளானந்தம் குனிந்து கதவைத் தூக்கப் போனான்.

"வுடுங்க," என்றாள். "எடுத்துக்கினு போயி எங்க மாட்டப்போறீங்க?"