காருக்குள் ஐயா இருந்தார்

1

இந்தக் கதை எங்கிருந்து வந்தது என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பெரிய ஞானோதயம் எல்லாம் இல்லை. திருக்காட்டுப்பள்ளியில் பஸ்ஸுக்காக நின்று டீ குடித்துக்கொண்டிருந்தேன். கட்சிக்கொடி கட்டிய கார் ஒன்று போனது. பக்கத்தில் நின்றவர் கிளாஸைக் கீழே வைத்து, மடித்துக் கட்டியிருந்த வேட்டியைச் சட்டென்று இறக்கிவிட்டுக் கும்பிட்டார். காரின் பின்சீட்டில் இரண்டு பரங்கிக்காய்கள்தான் உட்கார்ந்திருந்தன.

"உள்ள யாரும் இல்லீங்களே?" என்றேன்.

"இருந்தா என்ன, இல்லாட்டி என்ன. வண்டி அவுங்களுதுதானே."

பஸ் வந்தது. அந்தக் காரில் இல்லாத ஐயாவாக, மதலைமுத்து என்று ஒருவரும் கூடவே ஏறி என் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டார்.*

* அப்படி ஒருவர் கிடையாது. நான் உண்டாக்கிய ஆள். எந்தத் தொகுதி என்று தேடிக்கொண்டிருக்காதீர்கள்.

2

முதல் தொடக்கம்: 'பர்மா வானத்தில் பறந்த மதலைமுத்து கீழே குனிந்து பார்த்தபோது, வயல்கள் பச்சைப் பாய் விரித்தது போல...'

அடித்துவிட்டேன். விமானி என்றதும் எழுதுகிறவனுக்குக் கை அரிக்க ஆரம்பித்துவிடுகிறது.

இரண்டாவது: 'காவிரிக்கரைக் கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்து, யுத்தத்தில் விமானம் ஓட்டி, லண்டனில் பாரிஸ்டர் படித்து, தஞ்சாவூர் கோர்ட்டில் பெயரெடுத்து, ஆட்சி மாறிய அறுபத்தேழாம் வருஷத் தேர்தலில் எம்.எல்.ஏ.வும் ஆன...' இரங்கல் கூட்டத்தில் பேசுவது மாதிரி இருக்கிறது. ஆனால் விஷயம் அடங்கிவிட்டது, இருக்கட்டும்.

யுத்தத்திலிருந்து ஒன்றை மட்டும் வைத்துக்கொள்கிறேன். எதிரியை ஏமாற்ற, மூங்கிலும் துணியும் வைத்துக் கட்டிய பொம்மை விமானங்களைத் தளத்தில் நிறுத்துவார்கள். மேலே வருகிறவன் ஏமாந்து அதன்மேல் குண்டைப் போட்டுவிட்டுப் போவான். உள்ளே ஆள் இல்லாவிட்டாலும் காரியம் நடக்கும் என்று மதலைமுத்து அங்கேதான் கற்றுக்கொண்டார்.

3

ஆட்சி மாறியதற்கு அடுத்த தை. சம்பா அறுவடை, கூலித் தகராறு. மிராசுதார் வெளியூர் ஆட்களைப் போலீஸ் காவலோடு இறக்கப்போகிறார் என்று பேச்சு. உள்ளூர் ஆட்களுக்கு முன்னால் நின்றவர் மருதையன். எந்த மிராசுதாருக்கும் வேட்டியை இறக்காதவர் என்று பெயர். அவர் மதலைமுத்துவைத் தேடித் தஞ்சாவூருக்கே வந்துவிட்டார்.

"ஐயா வயலோரம் வந்து நின்னாப் போதுங்க. போலீஸு கைய வைக்காது."

"காலையில வந்துடுறேன். நான் வர்ற வரைக்கும் ஒருத்தரும் வயல்ல எறங்கக் கூடாது."

காலையில் சென்னையிலிருந்து கட்சி மேலிடத்தின் போன். மிராசுதாரும் நம்ம ஆள்தான், நீங்கள் அங்கே போய் நிற்க வேண்டாம். மதலைமுத்துவுக்குப் போகத் துணிவில்லை, சும்மா இருக்கவும் மனம் வரவில்லை. டிரைவர் குழந்தைராஜைக் கூப்பிட்டார்.

"கொடியக் கட்டிக்கிட்டுப் போய் வயலோரம் நிறுத்து. வண்டியப் பாத்தாலே போலீஸு அடங்கிடும்."

"ஐயா வரலீங்களா?"

"போன்னா போ."

(இங்கே வெகுநாள் நின்றுவிட்டேன். ஆளைக் காரில் ஏற்றிவிட்டால் என்ன, ஒரு வரிதானே? எழுதியும் பார்த்தேன். 'மதலைமுத்து சிலுவை போட்டுக்கொண்டு பின்சீட்டில் ஏறி...' அதற்குமேல் பேனா நகரவில்லை. அந்த மனிதர் ஏறுகிறவர் இல்லை. எனக்கு அவர்மேல் அவ்வளவு கோபம், அதே அளவுக்குப் பாவமாகவும் இருக்கிறது.)

4

கார் வந்து நின்றது. பனிக்கு ஏற்றிய கண்ணாடியில் உள்ளே ஒன்றும் தெரியவில்லை. மருதையன் பக்கத்தில் போய், வேட்டியை இறக்கிவிட்டுக் கும்பிட்டார். "ஐயா வந்துட்டாங்க, வாங்கடா" என்று முதல் ஆளாக வயலில் இறங்கினார்.

இன்ஸ்பெக்டருக்கும் காலையிலேயே போன் வந்திருந்தது. காரில் யார் இல்லை என்று அவருக்குத் தெரியும். தடியடி ஆரம்பித்தது. காருக்கு எட்ட நின்று, அவர் பின்னாலேயே இறங்கியவர்கள் மடித்துக் கட்டிய வேட்டியோடு ஓடிவிட்டார்கள். மருதையனுக்கு இறக்கிவிட்ட வேட்டி காலைச் சுற்றிக்கொண்டது. விழுந்தவரின் தலையில் அடி. ஆஸ்பத்திரிக்குப் போகிற வழியில், அதே காரின் பின்சீட்டில் உயிர் போய்விட்டது.

5

ஓடியவர்களைப் பிடித்துக் கலவர வழக்குப் போட்டார்கள். எம்.எல்.ஏ. வந்ததால்தான் நம்பி இறங்கினோம் என்பது அவர்கள் தரப்பு. மருதையன் மனைவி கண்ணாத்தாள் சாட்சிக் கூண்டில் ஏறினார்.

"காருக்குள்ள யார் இருந்தது?"

"ஐயா இருந்தாங்க."

வக்கீல்கள் வரிசையில் மதலைமுத்து உட்கார்ந்திருந்தார். பாரிஸ்டர். எழுந்து ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சொன்னால் குற்றவாளிக் கூண்டில் நிற்பவர்கள் உள்ளே போவார்கள் என்று தனக்குத்தானே ஒரு நியாயம் சொல்லிக்கொண்டார். (அதில் பாதி நிஜம். மீதியை அவரே அறிவார்.) இன்ஸ்பெக்டர் மறுத்திருக்கலாம், மறுத்தால் தனக்கு வந்த போனைப் பற்றியும் பேச வேண்டும். அவரும் வாயைத் திறக்கவில்லை. எல்லோருக்கும் விடுதலை. வாசலில் மாலை விழுந்தது மதலைமுத்துவின் கழுத்தில்.

6

மாலையைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு, மரத்தடியில் தனியாக நின்ற கண்ணாத்தாளிடம் போனார்.

"நான் வண்டியில இல்லம்மா."

"தெரியுமுங்க. அவரத் தூக்கிப் படுக்க வச்சவ நாந்தானே. சீட்டு சில்லுனு கெடந்துச்சு. ஆரும் குந்துன சூடே இல்லீங்க."

"பின்ன ஏம்மா அப்படிச் சொன்ன?"

"அவரு ஆருக்கும் வேட்டிய எறக்காத மனுசன். காலி வண்டிக்கு எறக்கிவிட்டு, அதுலயே தடுக்கி வுழுந்து செத்தாருன்னு எம்புள்ளைங்க கேக்க வேணாமுங்க. நீங்க உள்ள இருந்தீங்க. இருந்துட்டுப் போங்க."

இதற்கு அவர் என்ன பதில் சொன்னார்? 'என்ன மன்னிச்சுடும்மா' என்று எழுதினேன், மேடைக்குரல் கேட்டது, அடித்துவிட்டேன். தலைகுனிந்து நின்றார் என்று எழுதினேன். அது அவருக்கு நான் செய்கிற தயவு, அதுவும் வேண்டாம். பின்னால் மந்திரி ஆனார், தெருவுக்கு அவர் பெயர் வைத்தார்கள் என்று நாலு வருஷம் தள்ளி ஓடிவிடலாம்தான்.

அதற்குள் குழந்தைராஜ் வண்டியைக் கொண்டுவந்துவிட்டார். பின்கதவைத் திறந்து பிடித்தபடி நிற்கிறார். சீட்டைத் துடைத்திருக்கிறார். கோர்ட் வாசலில் இருக்கிறவர்கள் வேட்டியை இறக்கிவிட்டுக் கும்பிடத் தயாராக நிற்கிறார்கள். கண்ணாத்தாள் பார்த்துக்கொண்டிருக்கிறார்.

என்னால் அவரை ஏற்றவும் முடியவில்லை, நடத்திக் கூட்டிப்போகவும் முடியவில்லை. நீங்கள் சொல்லுங்கள். கதவு திறந்தே இருக்கிறது.