தாராஸ் போட்ட கோல்

நோலன் டெஸ்யே பதினேழு வயதில் ஐஸ் ஹாக்கி ஆட வில்லோ பிளாட்ஸ் என்ற சின்ன ஊருக்கு வந்தபோது, கிளப்காரர்கள் அவனை ஹ்ரிட்சுக் வீட்டில் தங்க வைத்தார்கள். வெளியூர்ப் பையன்களை உள்ளூர்க் குடும்பங்கள் வைத்துப் பார்த்துக்கொள்வது அந்தப் பக்கத்தில் வழக்கம். அவனுக்குக் கிடைத்தது அந்த வீட்டு மகன் தாராஸின் அறை. தாராஸும் முன்கள ஆட்டக்காரன்தான். இரண்டு வருஷத்துக்கு முன்பு ஒரு மார்ச் மாதம், இளகிக் கிடந்த ஏரிப் பனியின் மேல் ஸ்னோமொபைல் என்ற பனிவண்டியை ஓட்டிப் போனவன் அதோடு உள்ளே போய்விட்டான்.

"அலமாரியில பாதிய ஒழிச்சு வச்சிருக்கேன். மீதிய மட்டும் தொடாத, கண்ணு" என்றாள் தாராஸின் அம்மா லெஸ்யா.

நல்ல மனுஷி. முட்டைக்கோஸ் உருண்டையைத் தட்டு நிறைய வைத்து, அவன் சாப்பிட்டு முடிக்கும்வரை எதிரே உட்கார்ந்திருப்பாள். ஆனால் காலையில் அவன் கண் விழிக்கும்போதெல்லாம் அறை வாசலில் நின்றிருப்பாள். "எந்திரிச்சிட்டியா" என்று கேட்டுவிட்டுத் திரும்பிப் போவாள். வேறு யாரோ எழுந்திருப்பார்கள் என்று எதிர்பார்த்து ஏமாந்ததுபோல இருக்கும் அந்தக் குரல்.

மூன்றாவது ஆட்டத்தில் நோலன் ரப்பர் வட்டை மட்டையால் தள்ளிக்கொண்டு வலைக்குப் பின்னால் போனான். மறுபக்கம் வரப்போகிறவன்போலத் தோளைச் சாய்த்தான். கோல்கீப்பர் அந்தப் பக்கம் பாய்ந்ததும், வந்த வழியே சட்டென்று திரும்பி வட்டை உள்ளே செருகினான். யாரும் கை தட்டவில்லை. பார்த்தவர்கள் ஒருவர் காதில் ஒருவர் ஏதோ சொல்லிக்கொண்டார்கள்.

ஆட்டம் முடிந்ததும், மட்டைகளையும் சறுக்குக் காலணிகளையும் பார்த்துக்கொள்ளும் ஹாங்க் கிழவர் அவனை மடக்கினார்.

"யாருடா உனக்கு அதச் சொல்லிக் குடுத்தது?"

"யாருமில்லையே. தானா வந்துச்சு."

"தானா வந்துச்சாம்! அது தாராஸோடதுடா. அச்சு அசல்."

"பேய் புகுந்த பய" என்று கூட்டாளிகள் கேலி செய்தார்கள். அவனும் சிரித்தான். ஆனால் அன்றிலிருந்து, வட்டோடு வேகம் எடுக்கும்போதெல்லாம் இடது தோளுக்குப் பின்னால், அரை எட்டு தள்ளி, இன்னொரு ஜோடிச் சறுக்குக் கத்திகள் பனியைக் கீறும் சத்தம் கேட்டது. அவன் திரும்பிப் பார்த்ததே இல்லை. பார்க்காமல் இருப்பதற்காகவே இன்னும் வேகமாகப் போனான். இரண்டாவது வருஷம் ரெட்பாங்க் அணியோடு நடந்த இறுதி ஆட்டத்தில், உதடு கிழிந்து ரத்தம் ஒழுக, அதே திருப்பத்தில் கோல் போட்டு ஊருக்குக் கோப்பை வாங்கிக் கொடுத்தான்.

அந்தக் கோல்தான் அவனைப் பெரிய லீக்குக்குக் கொண்டுபோனது. பத்து வருஷத்துக்கு மேல் ஆடினான். மூன்று ஊர் மாறினான், தாடை உடைந்தது, முழங்காலை இரண்டு முறை அறுத்துத் தைத்தார்கள். அவன் ஆடுவதைப் பார்த்து, "யாருடா உன்னைத் துரத்துறது, மாமியாளா?" என்று சக ஆட்டக்காரர்கள் கேட்பார்கள். சத்தம் எல்லா ஊருக்கும் கூடவே வந்தது.

முப்பதைத் தாண்டிய பிறகு ஒரு கோடையில் வில்லோ பிளாட்ஸிலிருந்து அழைப்பு வந்தது. ஊர் அரங்கத்துக்குத் தாராஸ் பெயரை வைக்கிறார்கள், நோலன் வந்து இரண்டு வார்த்தை பேச வேண்டும். போனான். முதலில் லெஸ்யா மைக்கைப் பிடித்தாள்.

"ரெட்பாங்க்கோட ஃபைனல். எல்லாருக்கும் ஞாபகம் இருக்கும். உதட்டுல ரத்தம் கொட்டுது, துடைக்கக்கூட இல்ல என் பையன். வலைக்குப் பின்னாடி போனான், தோளைச் சாச்சான், திரும்பினான்..."

கூட்டம் தலையாட்டியது. ஹாங்க் கிழவர் மூக்கை உறிஞ்சிக்கொண்டு கண்ணைத் துடைத்தார். கிழிந்தது நோலனின் உதடு. கூட்டத்தில் ஒரு முகத்திலாவது சந்தேகம் தெரிகிறதா என்று தேடினான். தாராஸின் அப்பா ஓரெஸ்ட் மட்டும் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அவன் முறை வந்தது. லெஸ்யா அவனையே பார்த்தாள்.

"அந்தக் கோலை நான் பாக்கல. கேள்விப்பட்டிருக்கேன்" என்றான்.

வெளியே வண்டிகள் நிற்கும் இடத்தில் ஓரெஸ்ட் அவனுக்காகக் காத்திருந்தார். மகன் போனபின் அரங்கத்துக்குள் கால் வைக்காதவர், அன்றுதான் வந்திருந்தார்.

"அது உன் கோல்தானே, தம்பி?"

"ஆமா. ஆனா திருப்பம் அவனோடதுதானே?"

"யார் சொன்னா? அவனுக்கு அது வரவே இல்ல. ரெண்டு குளிர்காலம் முயற்சி பண்ணான். ஒவ்வொரு தடவையும் விழுவான், விழுந்துட்டு சிரிப்பான். அன்னிக்கு நீ அதப் பண்ணதும், தாராஸும் இப்படித்தான் பண்ணுவான்னு எவனோ சொன்னான், ஊரே நம்பிடுச்சு. உன்னையே பாத்துப் பாத்து அவனை மறந்துட்டாங்க. என் பொண்டாட்டியும்தான்."

ஓரெஸ்ட் நோலனின் தோளைத் தொட்டார்.

"உன் மேல கோவமில்ல. ஆனா நீ கோல் போடப் போட என் பையன் கொஞ்சம் கொஞ்சமா கரைஞ்சு போனான். அவன் எப்படி இருந்தான்னு தெரிஞ்சவன் இப்ப நான் ஒருத்தன்தான்."

அப்படியென்றால் இத்தனை வருஷம் பின்னால் வந்தது யார்? அதை யாரிடம் போய்க் கேட்பது?

அந்தக் குளிர்காலத்தின் முதல் ஆட்டத்தில் வலைக்குப் பின்னால் போகும்போது காதைத் தீட்டிக்கொண்டான். சத்தம் இல்லை. கால் ஒரு கணம் தயங்கியது. எதிரணித் தடுப்பாட்டக்காரன் அவனைச் சுவரோடு வைத்து நசுக்கினான். அடுத்த ஆட்டத்திலும் அப்படித்தான். துரத்தலுக்குப் பயந்தே ஓடிப் பழகிய கால்களுக்குச் சும்மா ஓடத் தெரியவில்லை. கிறிஸ்துமஸுக்குப் பிறகு கீழ் லீக்குக்கு இறக்கினார்கள். வசந்தத்தில் கை கழுவிவிட்டார்கள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை ஹ்ரிட்சுக் வீட்டுக் கதவைத் தட்டினான். ஓரெஸ்ட் திறந்தார்.

"லெஸ்யா சர்ச்சுக்குப் போயிருக்கா."

"உங்களைப் பாக்கத்தான் வந்தேன். தாராஸப் பத்திச் சொல்லுங்க. ஹாக்கிய விட்டுட்டு."

அவனை ஏற இறங்கப் பார்த்துவிட்டு உள்ளே விட்டார். காபி ஊற்றினார். முதலில் வார்த்தை வரவில்லை, பிறகு நிற்கவில்லை. தாராஸ் வாத்துகளைக் கண்டால் பயந்து ஓடுவான். ஊறுகாய் ஜாடியில் கையைவிட்டுத் தின்று, மூடியை மாற்றிப் போட்டு மாட்டிக்கொள்வான். போனில் பேசினால் திக்கும், அதனால் அப்பாவையே பேசச் சொல்வான். ஓட்டப் பந்தயத்தில்கூடக் கடைசியில் வருகிறவனோடு பேசிக்கொண்டே வருவான். அவன் யாரையும் துரத்தியிருக்கவே மாட்டான். அவன் கட்டிலில் இரண்டு வருஷம் படுத்துத் தூங்கிய நோலன், அவன் யாரென்று இப்போதுதான் தெரிந்துகொண்டு, முகத்தை மூடி அழுதான்.

வெளியே கார் வந்து நின்றது. லெஸ்யா உள்ளே வந்து இருவரின் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தாள்.

"அடடே, நோலன்! என்ன பேசிட்டிருக்கீங்க ரெண்டு பேரும்?"

"ஹாக்கிதான்" என்றார் ஓரெஸ்ட். எழுந்து அவளுக்கும் ஒரு கோப்பையை எடுத்தார்.